எங்கள் மலையோரத் தன்னார்வத் தீயணைப்புக் குழு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

குலசேகரத்திலிருந்து மலைப்பக்கமாக ஏறும் சாலையில், ரப்பர் விளைகளுக்கு (தோட்டங்களுக்கு) நடுவே வீடுகள் சிதறிக் கிடக்கும் ஊர் எங்களுடையது. இங்கே தீப்பிடித்தால் முதலில் ஓடி வருகிறவர்கள் பக்கத்து விளைக்காரர்களும், ரப்பர் மரத்தில் கீறிப் பாலெடுக்கும் பால்வெட்டுத் தொழிலாளர்களும்தான். எப்படியும் ஓடி வரத்தான் போகிறோம் என்றால், பயிற்சியோடும் கருவியோடும் ஓடி வருவோமே என்று தொடங்கியதே இந்தக் குழு. கிராமசபையிலும், வீடு வீடாகச் செல்லும்போதும் எங்களிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறோம்.

அரசுத் தீயணைப்பு நிலையம் இருக்கும்போது தனியாக ஒரு குழு எதற்கு?

நாகர்கோவில், தக்கலை, குழித்துறை, குளச்சல், கன்னியாகுமரி, குலசேகரம் ஆகிய இடங்களில் அரசுத் தீயணைப்பு நிலையங்கள் உள்ளன. அந்த வீரர்களின் வேலையை எங்களால் செய்ய முடியாது. செய்வதாக நாங்கள் ஒருபோதும் சொல்லிக்கொள்வதும் இல்லை. ஆனால் அழைப்பு கிடைத்த நொடியில் வண்டி புறப்பட்டாலும், வளைவும் ஏற்றமுமான மலைச்சாலையில் அது வந்து சேரும்வரை உள்ள நேரம் ஊர்க்காரர்களின் கையில்தான் இருக்கிறது. ஒரு அறையோடு நின்றிருக்க வேண்டிய தீ முழு வீட்டையும் பிடிப்பது பெரும்பாலும் அந்த நேரத்தில்தான்.

இன்னொரு காரணத்தைப் பலர் யோசிப்பதில்லை. வழக்கமான பெரிய தீயணைப்பு வண்டி ஒன்று சுமார் 4,500 லிட்டர் தண்ணீர் கொண்டு வருகிறது. நிமிடத்துக்கு 450 லிட்டர் வீதம் அடித்தால் அது பத்து நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதன் பிறகு தண்ணீர் எந்தக் குளத்தில் இருக்கிறது, அந்தக் குளத்தருகே வண்டி போய் நிற்குமா, எந்த ஓடையில் இந்த மாதம் நீரோட்டம் உண்டு என்பதெல்லாம் உள்ளூர்க்காரருக்கு மட்டுமே தெரியும். ஆகவே எங்கள் வேலையில் பாதிக்கு மேல் தீயோடு தொடர்பில்லாதது போலத் தோன்றும்: சாலைப் பிரிவில் டார்ச்சுடன் ஆள் நிறுத்துவது, வழியில் நிற்கும் பைக்குகளை அகற்றுவது, தண்ணீர் இருக்கும் இடத்துக்கு வண்டியை அழைத்துச் செல்வது, வீட்டுக்குள் யார் யார் இருந்தார்கள் என்று விசாரித்து வைப்பது. இவை நடந்திருந்தால், வந்து இறங்கும் வீரர்கள் ஒரு நிமிடத்தையும் வீணாக்காமல் குழாயைப் பிடிக்க முடியும்.

தீயைக் கண்டால் முதலில் உங்களை அழைக்க வேண்டுமா, 101-ஐ அழைக்க வேண்டுமா?

முதலில் 101 அல்லது 112. இதில் மாற்றுக் கருத்துக்கே இடமில்லை. நாங்கள் வந்து பார்த்துவிட்டு, தேவைப்பட்டால் சொல்லிக்கொள்ளலாம் என்று காத்திருக்கக் கூடாது. தீ சிறியதாக இருந்து நாங்களே அணைத்துவிட்டாலும், வண்டி பாதி வழியில் திரும்பிப் போவதில் யாருக்கும் நட்டமில்லை. தீயணைப்பு அழைப்புக்குக் கட்டணமும் கிடையாது.

அடுத்து மணி. மலைமறைவில் பல வீடுகளில் செல்போன் சிக்னல் கிடைப்பதில்லை. அதனால் அருகில் இருப்பது எந்தக் கோயிலானாலும், அம்மன் கோயிலோ மாதா கோயிலோ, அதன் மணியை விடாமல் அடிக்கச் சொல்லியிருக்கிறோம். பூசைக்கும் திருப்பலிக்கும் அடிக்கும் முறை ஊருக்கே தெரியும். இடைவெளியில்லாமல் மணி கேட்டால் அது ஆபத்துக்கான அழைப்பு என்று குழந்தைகளுக்கும் சொல்லிக் கொடுத்திருக்கிறோம்.

தொலைபேசியில் என்ன சொல்கிறீர்கள் என்பது மிக முக்கியம். ஒருமுறை எங்களில் ஒருவரே பதற்றத்தில் "ரப்பர் தோட்டத்துக்குப் பக்கத்தில்" என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டார். இந்தப் பகுதியில் ரப்பர் தோட்டத்துக்குப் பக்கத்தில் இல்லாத வீடு எது? வண்டி வேறொரு பிரிவில் ஏறி, திரும்ப இடமில்லாமல் பின்னோக்கியே இறங்க வேண்டியதாயிற்று. அந்தத் தவறு எங்களுடையது. அதன் பிறகு ஒவ்வொரு சாலைப் பிரிவுக்கும் எண் கொடுத்துப் பலகை வைத்தோம். அந்தப் பட்டியலை நிலையத்திலும் கொடுத்துவைத்தோம். ஊர்ப்பெயர், பிரிவு எண், எரிவது என்ன, உள்ளே ஆள் உண்டா, பெரிய வண்டி வருமா ஆகிய ஐந்தையும் சொல்லிவிட்டு, அவர்கள் வைக்கும்வரை நீங்கள் போனை வைக்காதீர்கள்.

ரப்பர் ஷீட் உலர்த்தும் புகைக்கூடத்தில் தீப்பிடித்தால் என்ன செய்ய வேண்டும்?

எங்களிடம் அதிகம் கேட்கப்படும் கேள்வி இதுதான். தவறான முடிவுகள் அதிகம் எடுக்கப்படுவதும் இதில்தான்.

புகைக்கூடத்தில் 40 முதல் 60 டிகிரி வெப்பத்தில் ஷீட்டுகள் நாள்கணக்கில் தொங்கி உலர்கின்றன. கீழே விறகும் சிரட்டையும் கனன்றுகொண்டிருக்கும். கம்பிலிருந்து ஒரு ஷீட் நழுவிக் கனலின் மேல் விழுந்தால் போதும். பல மாதப் புகைப்படிவு கூரையின் உட்புறத்தில் கருப்பாக ஒட்டியிருந்தால் தீ அதைப் பிடித்துக்கொண்டு மேலே ஓடும். எரியும் ரப்பர் உருகிச் சொட்டும். சொட்டிய இடமெல்லாம் எரியும். அதிலிருந்து எழும் கரும்புகையை நாலைந்து மூச்சு இழுத்தாலே நிலைதடுமாறிப் போகும்.

உரிமையாளருக்கு முதலில் தோன்றுவது, கதவைத் திறந்து மிச்ச ஷீட்டுகளையாவது இழுத்துப் போட வேண்டும் என்பது. ஆறு மாத உழைப்பு உள்ளே தொங்கும்போது அந்த எண்ணம் வராமல் இருக்காது. ஆனால் மூடிய கூடத்துக்குள் தீ காற்றில்லாமல் திணறிக்கொண்டிருக்கிறது. கதவைத் திறந்தால் காற்று ஒரே வீச்சாக உள்ளே நுழைந்து, தீ திறந்தவரின் முகத்துக்கே பாயும்.

ஒரு பிப்ரவரி மாதம், நள்ளிரவு தாண்டிய நேரம், மணிச்சத்தம் கேட்டு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது கூடத்தின் ஓட்டு இடுக்குகளில் புகை கசிந்துகொண்டிருந்தது. உரிமையாளர் சாரத்தை (லுங்கியை) மடித்துக் கட்டிக்கொண்டு, கையில் ஈரச்சாக்குடன் கதவின் கொண்டியைப் பிடித்து நின்றார். எங்கள் குழுவில் உள்ள அக்கா ஒருவர், பால்வெட்டுக்குப் போகிறவர், தலையில் கட்டிய விளக்கோடு ஓடிப்போய் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "அண்ணே, கதவைத் தொறக்காதீங்க, காத்து கேறினா எல்லாம் போயிரும்" என்று அவர் சொன்னதையே திரும்பத் திரும்பச் சொன்னார். உரிமையாளர் அழுதார். கொண்டியை விட்டுவிட்டார். நாங்கள் கீழே உள்ள அடுப்புவாயை மண் போட்டு அடைத்தோம். மூன்றடி தள்ளி இருந்த விறகுக் குவியலை வரிசையாக நின்று கைமாற்றி அகற்றினோம். வீட்டுப் பக்கச் சுவரையும் வீட்டுக் கூரையையும் நனைத்துக்கொண்டே இருந்தோம். நிலையத்து வீரர்கள் வந்து, பக்கவாட்டில் நின்று கதவைச் சிறிது சிறிதாகத் திறந்து அணைத்தார்கள். கூடம் போயிற்று, வீடு நின்றது. அவர் கையிலும் ஒரு காயம்கூட இல்லை.

முன்னெச்சரிக்கையாகச் செய்ய வேண்டியவை: கனலுக்கும் தொங்கும் ஷீட்டுக்கும் நடுவே கம்பிவலை வைக்க வேண்டும், ஒவ்வொரு சீசன் தொடங்கும் முன்பும் உட்கூரையைச் சுரண்டிச் சுத்தம் செய்ய வேண்டும், கூடத்தை ஒட்டி விறகும், ஒட்டுப்பால் (சிரட்டையிலும் மரத்திலும் உறைந்த ரப்பர் பால்) மூட்டையும் அடுக்கக் கூடாது. புதிதாகக் கட்டுகிறவர்கள் வீட்டுச் சுவரோடு சேர்த்துக் கட்ட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறோம். இடம் குறைவு என்பது எங்களுக்கும் தெரியும், இருந்தும் கேட்டுக்கொள்கிறோம்.

மழை அதிகம் பெய்யும் மாவட்டத்தில் விளைகளில் ஏன் தீப்பிடிக்கிறது?

குமரி மாவட்டத்துக்குத் தென்மேற்குப் பருவமழையும் உண்டு, வடகிழக்குப் பருவமழையும் உண்டு. ஆனால் வடகிழக்குப் பருவமழை ஓய்ந்ததும் ஜனவரி முதல் மார்ச் வரை வறட்சியாக இருக்கும். ரப்பர் மரம் இலை உதிர்ப்பதும் அதே காலம்தான். விளை முழுவதும் கணுக்கால் அளவுக்குச் சருகு கிடக்கும்போது, அணைக்காமல் எறிந்த ஒரு பீடித்துண்டு போதும்.

இதில் மற்றொரு சிக்கலும் உண்டு. பேச்சிப்பாறை, பெருஞ்சாணி அணைகளிலிருந்து பாசனத்துக்கு வழக்கமாக ஜூன் மாதம் தொடங்கிப் பிப்ரவரி இறுதிவரை தண்ணீர் விடப்படுகிறது. அதாவது சருகு நன்றாகக் காய்ந்திருக்கும் மார்ச் மாதத்தில்தான் கால்வாயும் வறண்டுவிடுகிறது. பிப்ரவரியில் "கால்வாய் இருக்கிறதே" என்று நிம்மதியாக இருந்த ஊர் மார்ச்சில் ஏமாந்து போகும். எனவே நாங்கள் நீர்நிலைப் பட்டியலை இரண்டாக வைத்திருக்கிறோம்: கால்வாய் ஓடும் மாதங்களுக்கு ஒன்று, அடைத்த மாதங்களுக்கு ஒன்று.

கிணறு இருக்கிறதே என்பார்கள். மேலே நின்று உறிஞ்சும் பம்ப் நடைமுறையில் ஏழு மீட்டர் ஆழத்துக்குக் கீழிருந்து தண்ணீரை இழுக்காது. எந்த விலையில் வாங்கினாலும் அதுதான் நிலை. காற்றழுத்தத்தின் எல்லை அது. மலைச்சரிவில் உள்ள பல கிணறுகளில் கோடையில் நீர்மட்டம் அதற்கும் கீழே போய்விடும்.

சருகுத் தீயை நாங்களே அணைக்கலாமா?

தீயின் உயரம் உங்கள் முழங்காலைத் தாண்டாமல், காற்றும் அமைதியாக இருந்தால் அணைக்கலாம். பச்சைக் கொப்பை ஒடித்து, ஓங்கி அடிக்காமல், தீயை நிலத்தோடு அழுத்தித் தேய்க்க வேண்டும். ஓங்கி அடித்தால் பொறி பறந்து பின்னால் விழும். வெட்டுக்கத்தியும் மம்பட்டியும் இருந்தால், தீக்கு முன்னால் இரண்டு மூன்று அடி அகலத்தில் மண் தெரியும்வரை சருகை ஒதுக்கிக் கோடு போடுவது அதைவிடப் பயன்தரும். முதுகில் மாட்டும் 16 லிட்டர் தெளிப்பானும் மிக நன்றாக உதவும். ஆனால் பூச்சிமருந்து அடித்த தெளிப்பானைக் கழுவாமல் எடுத்துவரக் கூடாது. அந்த மருந்து ஆவியாகிச் சுவாசத்தில் சேரும்.

சரிவைப் பற்றி ஒன்றை மட்டும் மறக்க வேண்டாம். தீ மேல்நோக்கி ஓடும். சரிவு பத்து டிகிரி கூடினால் அதன் வேகம் ஏறக்குறைய இரட்டிப்பாகும். தீக்கு மேலே நின்று கொப்பு வீசுகிறவர் அதைவிட வேகமாக மலையேற முடியாது. 2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணியில் மலையேற்றத்துக்குச் சென்றவர்கள் சரிவில் தீயிடம் சிக்கி, இருபதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். அந்த நிகழ்வைச் சொல்லித்தான் எங்கள் முதல் வகுப்பைத் தொடங்குகிறோம். பக்கவாட்டிலிருந்தோ, ஏற்கெனவே எரிந்து கருகிய பக்கத்திலிருந்தோ மட்டுமே நெருங்குங்கள். பருத்தி உடையும் மூடிய செருப்பும் அணியுங்கள். நைலான், பாலியஸ்டர் துணி தோலோடு உருகி ஒட்டிக்கொள்ளும்.

எதிர்த்தீ வைப்பது, அதாவது வரும் தீயை நிறுத்த அதற்கு எதிரே நாமே தீ மூட்டுவது, எங்கள் குழுவில் முற்றாகத் தடைசெய்யப்பட்டுள்ளது.

தீ காட்டுக்குள் போய்விட்டால்?

வனத்துறைக்குத் தகவல் சொல்லி, அவர்கள் அழைத்தால் மட்டும், அவர்கள் சொல்லும் எல்லைவரை செல்வோம். எங்கள் விளைகளுக்கு மேலே இருப்பது கன்னியாகுமரி வனவிலங்குச் சரணாலயம். தீக்கு ஒதுங்கி இறங்கும் யானைக்கூட்டம் இருட்டில் எதிரே வரலாம். ஆர்வத்தில் தனியாக ஏறுகிற இளைஞரைத் தேடுவதற்கென்று இன்னொரு அணி அனுப்பும் நிலை வரக் கூடாது.

சமையல் எரிவாயு கசிந்தால், சிலிண்டரில் தீப்பிடித்தால்?

கசிவு என்றால் ரெகுலேட்டரை மூடி, சன்னல் கதவுகளைத் திறந்துவிட்டு வெளியே வாருங்கள். மின்விளக்கைப் போடவும் வேண்டாம், அணைக்கவும் வேண்டாம். இந்த வாயு காற்றைவிடக் கனமானது. மேலே போகாமல் தரையோடு படர்ந்து தாழ்வான இடத்தில் தேங்கும். ஆகவே சன்னலைவிடக் கதவைத் திறப்பதே முக்கியம். வெளியே வந்த பிறகு எரிவாயுக் கசிவுக்கான அவசர எண் 1906-ஐ அழைக்கலாம்.

வாய்ப்பகுதியில் மட்டும் தீ எரிந்தால், நனைத்துப் பிழிந்த சாக்கையோ தடித்த பருத்தித் துணியையோ உங்கள் கைகளை மறைத்துப் பிடித்தபடி மூடி, வால்வைத் திருகி அடைக்கலாம். இதை ஒவ்வொரு வீட்டிலும் ஒருவராவது எங்கள் பயிற்சியில் செய்து பார்த்திருக்க வேண்டும் என்பது எங்கள் விருப்பம். முதல்முறை செய்யும்போது எல்லோருக்கும் கை நடுங்குகிறது. மூன்றாம் முறை நடுங்குவதில்லை. ஆனால் சிலிண்டரின் உடலே நெருப்பில் சூடாகிக்கொண்டிருந்தால் அருகில் போகவே கூடாது. எல்லோரையும் தூரமாக அழைத்துச் சென்றுவிடுங்கள்.

எண்ணெய்ச்சட்டி தீப்பிடித்தால் தண்ணீர் ஊற்றாதீர்கள். அடுப்பை அணைத்து, தட்டால் மூடிவிட்டு, ஆறும்வரை திறக்காமல் இருங்கள்.

மின்கம்பி அறுந்து விழுந்து தீப்பிடித்தால்?

மின்சாரம் நிறுத்தப்பட்டது என்று மின்வாரியம் உறுதி சொல்லும்வரை தண்ணீர் அடிக்க மாட்டோம். யாரையும் நெருங்கவும் விட மாட்டோம். மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகத்தின் எண் 94987 94987. கம்பி விழுந்த இடத்தில் தரை ஈரமாக இருந்தால் இன்னும் தூரமாக நில்லுங்கள்.

கிணற்றுக்குள் விழுந்தவரை மீட்க வருவீர்களா?

வருவோம். ஆனால் இறங்க மாட்டோம். இந்தப் பதில் பலருக்கு வருத்தம் தருகிறது என்பது தெரியும். நீண்ட நாள் மூடிக்கிடந்த கிணற்றில் உயிர்வாயு குறைந்திருக்கலாம், நச்சுவாயு தேங்கியிருக்கலாம். விழுந்தவரைத் தூக்க இறங்கியவரும், அவரைத் தூக்க இறங்கியவரும் அடுத்தடுத்து மாண்ட துயரங்கள் தமிழ்நாட்டில் பல ஊர்களில் நடந்திருக்கின்றன. மேலிருந்து கயிறும் மிதவையும் போடுவோம், பேச்சுக் கொடுத்துக்கொண்டே இருப்போம், கருவியோடு வரும் வீரர்களுக்கு இடம் ஒழுங்குபடுத்தி வைப்போம்.

தீக்காயம் பட்டவருக்கு முதலில் என்ன செய்வது?

ஓடும் குளிர்ந்த தண்ணீரில் இருபது நிமிடம் காட்ட வேண்டும். ஐஸ் வைக்கக் கூடாது. பற்பசை, மை, எண்ணெய், மாவு எதுவும் பூசக் கூடாது. ஆசாரிபள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போய்ச் சேர்ந்ததும் அதையெல்லாம் காயத்திலிருந்து சுரண்டி எடுக்க வேண்டியிருக்கும், அந்த வேதனை தீக்காயத்தைவிடக் கொடியது. வளையல், மோதிரம், அரைஞாண் ஆகியவற்றை வீக்கம் வரும் முன்பே கழற்றுங்கள். தோலோடு ஒட்டிய துணியைப் பிய்க்காதீர்கள். சுத்தமான துணியால் தளர்வாக மூடி, 108-ஐ அழையுங்கள்.

பெண்கள் குழுவில் சேரலாமா?

பெண்கள் இல்லாவிட்டால் பகலில் எங்கள் குழுவே இல்லை. இந்தப் பகுதி ஆண்களில் பலர் கேரளத்துக்குக் கட்டட வேலைக்கும், வளைகுடா நாடுகளுக்கும் போயிருக்கிறார்கள். உள்ளூரில் இருப்பவர்களும் காலை எட்டு மணிக்கு மேல் ஊரில் இருப்பதில்லை. தீயோ நேரம் பார்த்து வருவதில்லை. அதனால் பகல் அணி ஏறக்குறைய முழுவதும் மகளிர் சுயஉதவிக் குழுக்களைச் சேர்ந்தவர்கள். எங்கள் சிறிய பம்பை ஒரே இழுப்பில் கிளப்புவதில் அவர்களை மிஞ்ச இரவு அணியில் ஆளில்லை.

பதினெட்டு வயது நிறைந்த யாரும் சேரலாம். மூச்சிரைப்பு, இதயநோய் உள்ளவர்களுக்கு வழிகாட்டுதல், தகவல் சொல்லுதல், வாகன ஒழுங்கு ஆகிய வேலைகள் உள்ளன. அவை குறைந்த வேலைகள் அல்ல.

சட்டப்படி உங்களுக்கு அதிகாரம் உண்டா?

இல்லை. தமிழ்நாடு தீயணைப்புப் பணிச் சட்டம், 1985 அளிக்கும் அதிகாரம் தீயணைப்புத் துறைக்குரியது. நிலைய அதிகாரி வந்து இறங்கிய நொடியிலிருந்து அவர் சொல்வதே முடிவு. எங்கள் தலைவர் நடந்ததைச் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்வார். சிலி நாட்டில் 1851-இல் வால்பரைசோ துறைமுகத்தில் தொடங்கிய மரபின்படி இன்றும் தீயணைப்போர் தன்னார்வலர்களாகவே இருக்கிறார்கள் என்று சிலர் எடுத்துக்காட்டுவதுண்டு. அங்கே அதற்கென்று சட்டமும் வண்டியும் கட்டமைப்பும் இருக்கின்றன. இங்கே நமக்குரிய இடம் துறைக்குத் துணை நிற்பது. தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையத்தின் ஆப்த மித்ரா திட்டமும் உள்ளூர் மக்களுக்குப் பயிற்சி தந்து அந்தத் துணைப்பணிக்கே தயார்செய்கிறது. வாய்ப்புக் கிடைக்கும் இளைஞர்கள் அந்தப் பயிற்சியைத் தவறவிட வேண்டாம்.

செலவுக்குப் பணம் எங்கிருந்து? காயமடைந்தால் யார் பொறுப்பு?

வீடுகளில் பணமாக வாங்குவதில்லை. பம்ப், குழாய் ஆகியவற்றை ஊர் விழாக் கமிட்டிகளும் வெளிநாட்டில் உள்ளவர்களும் பொருளாகவே வாங்கித் தந்தார்கள். ரசீதுகள் எல்லோரும் பார்க்கும்படி உள்ளன. வரவுசெலவை ஆண்டுதோறும் நவம்பர் 1 கிராமசபையில் வாசிக்கிறோம். அது குமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்த நாளும்கூட. குமரியில் பேரூராட்சிகள் அதிகம். அங்கே கிராமசபை கிடையாது என்பதால், இப்படியொரு குழு தொடங்க நினைக்கும் பேரூராட்சிப் பகுதியினர் தங்கள் வார்டு உறுப்பினர் வழியாக மன்றத்தில் கோரிக்கை வைக்கலாம்.

உறுப்பினர் ஒவ்வொருவரும் வங்கிக் கணக்கு வழியாகப் பிரதமரின் விபத்துக் காப்பீட்டில் சேர்ந்திருக்க வேண்டும். ஆண்டுக்கு 20 ரூபாய், விபத்தில் உயிரிழப்புக்கு 2 லட்சம். இது போதாது என்று எங்களுக்குத் தெரியும். ஆனால் அதுகூட இல்லாதவரை நாங்கள் களத்துக்கு அனுப்புவதில்லை.

தீ தவிர வேறு எதற்கு வருவீர்கள்?

மரம் விழுந்தால் வருவோம். 2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் கடந்தபோது, கடற்கரை ஊர்கள் தங்கள் மீனவர்களைத் தேடித் தவித்த அதே நாள்களில், மலையோரத்தில் ரப்பர் மரங்கள் சரிந்து சாலைகள் அடைபட்டுக் கிடந்தன. பிரசவ வலி வந்த பெண்ணைக் கட்டிலோடு தூக்கிக்கொண்டு விழுந்த மரங்களைத் தாண்டித் தாண்டிப் போனோம். அன்று எங்களிடம் வெட்டுக்கத்தி மட்டுமே இருந்தது. இன்று மரம் அறுக்கும் மெஷின் இரண்டு இருக்கிறது. அதை இயக்கப் பயிற்சி பெற்றவர் மட்டுமே தொடலாம்.

பேச்சிப்பாறை நீர்த்தேக்கத்துக்கு அப்பால் உள்ள குடியிருப்புகளுக்கு எப்படிப் போவீர்கள்?

படகில் சென்று சேர வேண்டிய காணிப் பழங்குடி மக்களின் குடியிருப்புகளுக்கு நாங்கள் போய்ச் சேரும் முன்பே எல்லாம் முடிந்துவிடும். ஆகவே அங்கே கருவிகளை முன்கூட்டியே கொடுத்து வைப்பதுதான் சரியான வழி என்று முடிவெடுத்தோம்: முதுகுத் தெளிப்பான்கள், மம்பட்டிகள், தீக்காயத்துக்கான துணிகள். பயிற்சிக்குப் போன எங்களுக்கு, காற்று எந்த நேரத்தில் எந்தப் பள்ளத்தாக்கில் திரும்பும் என்பதை அங்குள்ள பெரியவர்கள் கற்றுக்கொடுத்தார்கள். பகலில் சரிவேறும் காற்று இரவில் சரிவிறங்கும் என்று நாங்கள் வகுப்பில் பொதுவாகச் சொன்னதை, அவர்கள் மரம் மரமாகக் காட்டினார்கள்.

நான் குழுவில் சேர முடியாது. வேறு என்ன செய்யலாம்?

உங்கள் கிணறு, தொட்டி, குட்டை எங்கே இருக்கிறது என்று எங்கள் பட்டியலில் எழுதச் சொல்லுங்கள். மாடித்தொட்டியின் அடியில் ஒன்றரை அங்குல வால்வு ஒன்று வைத்தால், அதில் எங்கள் குழாயை நேரடியாக மாட்டிக்கொள்ளலாம். ஜனவரியிலேயே வீட்டைச் சுற்றிப் பத்தடிக்குச் சருகு வாரிவிடுங்கள். வாரியதை அங்கேயே கொளுத்தாமல் உரக்குழியில் போடுங்கள். இரும்புக் கேட்டைப் பூட்டிவிட்டு வெளியூர் செல்பவர்கள் சாவி யாரிடம் இருக்கிறது என்று பக்கத்து வீட்டில் சொல்லிச் செல்லுங்கள். எழுந்து நடக்க முடியாத பெரியவர் வீட்டில் இருந்தால் அவர் எந்த அறையில் படுக்கிறார் என்பதை எங்களிடம் சொல்லி வையுங்கள். அறை மாறினால் அதையும் சொல்லுங்கள்.

பயிற்சி எப்போது நடக்கிறது?

மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை மாலை நான்கு மணிக்கு, கால்வாய்க் கரையில். கால்வாய் அடைத்த மாதங்களில் கோயில் குளத்தருகே. பார்க்க மட்டும் வருகிறவர்களும் வரலாம். குழந்தைகளை அழைத்து வாருங்கள், சாரம் கட்டி வர வேண்டாம்.